கோப்பையோடு கடையைச் சாத்திய அணி

வெளியே போகப்போகிற பந்துதானே என்று நின்றுவிட்டேன். சின்ன வயதிலிருந்து ஊறிய பழக்கம். பந்து கோட்டைத் தாண்டினால் கையைத் தூக்கி த்ரோ கேட்க வேண்டும். ஆனால் அந்தப் பந்து என் தோளுக்குப் பக்கத்தில் இருந்த பலகைச் சுவரில் 'டம்' என்று மோதி, என்னைச் சுற்றிக்கொண்டு போய், அதை அடித்தவன் காலிலேயே திரும்ப விழுந்தது. நான் திரும்புவதற்குள் கோல். அவன் பாஸ் கொடுத்தது சக ஆட்டக்காரனுக்கு இல்லை, சுவருக்கு.

அதே ராத்திரி, பந்தைப் பிடிக்கிறேன் பேர்வழி என்று சறுக்கினேன். புல்தரையில் சறுக்கினால் சேறு ஒட்டும், அவ்வளவுதான். செயற்கைப் புல் கார்ப்பெட்டில் சறுக்கினால் தோல் உரியும். இடது முழங்காலுக்குக் கீழே உள்ளங்கை அகலத்துக்குச் சிவந்து, ரத்தம் வரலாமா வேண்டாமா என்று யோசிப்பதுபோல் பொடிப்பொடியாகத் துளிர்த்தது. மறுநாள் காலையில் போர்வை அதோடு ஒட்டிக்கொண்டிருந்தது. வெந்நீர் நனைத்துப் பிரித்தெடுக்க கால் மணி நேரம் ஆயிற்று. அந்தத் தழும்பு இன்னும் இருக்கிறது.

இது நடந்தது 2010 வாக்கில், அமெரிக்காவின் கென்டக்கி மாநிலத்தில், லூயிவில் நகரத்தில். ஒப்பந்த வேலைக்காகப் போய் மூன்று வருடம் அங்கே இருந்தேன். ஊர்க்காரர்கள் யாரும் லூயிவில் என்று சொல்வதில்லை. வாயைப் பாதிதான் திறந்து, 'லவ்வுல்' என்பதுபோல் ஏதோ சொல்வார்கள். முதல் வாரம் ஒருவர் என்னிடம் "நான் பிறந்தது வளர்ந்தது எல்லாம் லவ்வுல்" என்றபோது, தமிழ்க் காதுக்கு அது எப்படிக் கேட்டிருக்கும் என்று நீங்களே ஊகித்துக்கொள்ளுங்கள்.

வாரத்தில் ஒரு நாள் ராத்திரி, குடோன் மாதிரி ஒரு தகரக் கொட்டகையில் ஆடுவோம். எங்கள் கோல்கீப்பர் நாற்பதை நெருங்கிய உள்ளூர்க்காரர். நான் காலைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தபோது பக்கத்தில் வந்து, "இந்த ஊரில் இதையே தொழிலாக ஆடினவங்க இருந்தாங்க, தெரியுமா? தண்டர்னு பேரு. சாம்பியன் ஆனாங்க" என்றார்.

"இப்போ எங்கே?"

"சாம்பியன் ஆனதும் மூடிட்டாங்க."

தோற்றுத் தோற்று மூடிய அணிகள் உலகம் முழுக்க இருக்கின்றன. ஜெயித்துவிட்டு மூடிய அணியா? அன்றைக்குப் பிடித்த கிறுக்கு இது, இன்னும் விடவில்லை.

லூயிவில் தண்டர் கதைக்குப் போவதற்கு முன்னால், இந்த விளையாட்டு எங்கிருந்து வந்தது என்று கொஞ்சம் சொல்ல வேண்டும். 1974 பிப்ரவரி 11-ஆம் தேதி பிலடெல்ஃபியாவில், ஸ்பெக்ட்ரம் என்ற ஐஸ் ஹாக்கி அரங்கில் ஒரு காட்சி ஆட்டம் நடந்தது. ஒரு பக்கம் பிலடெல்ஃபியா ஆட்டம்ஸ், முந்தின வருடத்து அமெரிக்க சாம்பியன். எதிர்ப்பக்கம் மாஸ்கோவிலிருந்து வந்த சோவியத் ராணுவ அணி. பனிப்போர்க் காலத்தில் அப்படி ஒரு ஜோடி. 11,790 பேர் டிக்கெட் வாங்கி வந்தார்கள். சோவியத் அணி 6-3 என்று ஜெயித்தது. இந்த மாதிரி ஆட்டத்தைப் பற்றி எட் டெப்பர், எர்ல் ஃபோர்மன் என்ற இருவருக்குக் கணக்கு வேறு மாதிரி ஓடியது. மேஜர் இண்டோர் சாக்கர் லீக் என்ற தொழில்முறை லீக்கை 1978-இல் இவர்கள்தான் தொடங்கினார்கள்.

அதன் முதல் ஆட்டம் 1978 டிசம்பர் 22 அன்று நியூயார்க்கை ஒட்டிய நாசாவ் கொலிசியம் என்ற அரங்கத்தில். நியூயார்க் ஏரோஸ் அணிக்கு எதிராக வந்தது சின்சினாட்டி கிட்ஸ். அந்த அணியில் பங்கு வைத்திருந்த பேஸ்பால் நட்சத்திரம் பீட் ரோஸ் வந்து முதல் பந்தை உதைத்தார். பந்து சிவப்பு நிறம். சின்சினாட்டி 7-2 என்று தோற்றது, ஒரே சீசனில் காணாமலும் போனது. லூயிவில்லிலிருந்து சின்சினாட்டி நூறே மைல். பக்கத்து வீட்டில் நடந்த சாவு மாதிரி. பக்கத்து ஊர்க்காரர்கள் அப்போதே உஷாராகியிருக்கலாம், ஆனால் விளையாட்டு அணி நடத்த வருகிறவர்களுக்கு உஷார் ஏது.

ஆட்டம் எப்படி என்று கேட்டால், ஐஸ் ஹாக்கித் தளத்தின் மேல் செயற்கைப் புல்லை விரித்து ஆடும் கால்பந்து. கோல்கீப்பரோடு சேர்த்து ஆறு பேர். சுற்றிலும் பலகைச் சுவர், அதற்கு மேலே கண்ணாடி. நான்கு கால் பகுதிகள், ஒவ்வொன்றும் 15 நிமிடம். ஆட்டத்தை நிறுத்தாமலே ஆளை மாற்றலாம், எத்தனை முறை வேண்டுமானாலும். கோல்கீப்பரைத் தவிர மற்ற ஐந்து பேரும் நூறு மீட்டர் ஓட்டக்காரர்கள் மாதிரி ஒன்றரை இரண்டு நிமிடம் உயிரைக் கொடுத்து ஓடிவிட்டு, சுவரைத் தாண்டிக் குதித்து பெஞ்சில் விழுவார்கள், அடுத்த கூட்டம் உள்ளே குதிக்கும். தப்பு செய்தால் நீல அட்டை. இரண்டு நிமிடம் கூண்டுக்குள் உட்கார வேண்டும், அதுவரை அணிக்கு ஒரு ஆள் குறைவு. கால்பந்தும் ஹாக்கியும் கல்யாணம் செய்துகொண்டு பெற்ற பிள்ளை. ஐரோப்பாவிலிருந்து வந்த ஆட்டக்காரர்கள் பலர் முதலில் முகம் சுளித்தார்களாம். சம்பளம் வந்ததும் சுளிப்பு போய்விட்டது.

நம் ஊரில் இதன் ஒன்றுவிட்ட தம்பியைச் சிலர் பார்த்திருப்பீர்கள். 2016-இல் பிரீமியர் ஃபுட்சால் என்று ஆரவாரமாக ஒன்றைத் தொடங்கினார்கள், சென்னை நேரு உள்விளையாட்டரங்கில்கூட ஆட்டம் நடந்தது. பிரேசிலின் ஃபல்காவோ சென்னை அணிக்கு ஆடினார். இரண்டு சீசனோடு சரி. ஃபுட்சாலில் சுவர் கிடையாது, கோடுதான். அது வேறு ஆட்டம். ஆனால் முடிந்த விதம் மட்டும் ஒன்றுதான்.

சரி, லூயிவில்லுக்கு வருவோம்.

1984-இல் பெரிய லீக் ஒரு பக்கம் பட்டாசும் புகையும் வெளிச்சமுமாக ஆட்டக்காரர்களை அறிமுகப்படுத்திக்கொண்டிருந்தது. செலவும் அதே ரகம். அப்போது நடுமேற்கு அமெரிக்காவின் இரண்டாம் கட்ட ஊர்களுக்காக ஒரு சிக்கன லீக் முளைத்தது, அமெரிக்கன் இண்டோர் சாக்கர் அசோசியேஷன். முதல் சீசனில் ஆறு அணிகள்: கேன்டன் இன்வேடர்ஸ், சிகாகோ வல்ச்சர்ஸ், கொலம்பஸ் கேப்பிட்டல்ஸ், கலமஸூ கங்காரூஸ், மில்வாக்கி வேவ், லூயிவில் தண்டர். அதாவது படையெடுப்பாளர்கள், கழுகுகள், கங்காருகள், அலை, இடி. மிச்சிகன் மாநிலத்துக்குள் கங்காரு எப்படி வந்தது என்று கேட்கக் கூடாது. கலமஸூ என்ற பேருக்குப் பக்கத்தில் வேறு எந்த மிருகமும் ஓசையாக உட்காராது என்பது என் கட்சி.

தண்டர் அணிக்குப் பயிற்சியாளர் கீத் டோஸர். பெரிய லீக்கில் ஆடிவிட்டு வந்தவர். இருபது சொச்சம் வயதில் லூயிவில்லில் ஆட்டக்காரராகவும் பயிற்சியாளராகவும் ஒரே சமயத்தில் இருந்தார். சிக்கன லீக் என்றால் அப்படித்தான், ஒரே ஆள் இரண்டு வேலை. இந்தப் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், திரும்ப வருவார்.

சொந்த அரங்கம் பிராட்பென்ட் அரீனா, கென்டக்கி கண்காட்சி மைதானத்து வளாகத்துக்குள் இருந்தது. ஆறாயிரத்துச் சொச்சம் பேர் உட்காரலாம். அந்த வளாகத்தில் மாதம் ஒரு தடவை போல பழைய சாமான் சந்தை நடக்கும், அதற்கு நான் அடிக்கடி போவேன். ஒரு நவம்பர் ஞாயிற்றுக்கிழமை சந்தைக்கென்று போனால், வளாகம் முழுக்க மாடு. அங்கே வருடாவருடம் பெரிய கால்நடைக் கண்காட்சி உண்டு, நான்தான் தேதியைக் குழப்பிக்கொண்டேன். சரி, வந்தது வந்தோம் என்று நடந்தேன். வைக்கோல், சாணம், ஈரக் கம்பளி எல்லாம் கலந்த வாசனை. நம் ஊர் மாட்டுத்தாவணிப் பக்கம் போன மாதிரியே இருந்தது, ஷாம்பு வாசனையைத் தவிர. கண்காட்சிக்கு முன்னால் மாட்டைக் குளிப்பாட்டி, ஹேர் டிரையர் மாதிரி ஒரு குழாயால் காய வைத்துக்கொண்டிருந்தாள் ஒரு பள்ளிக்கூடப் பெண். மாடு கண்ணை மூடிக்கொண்டு சுகமாக நின்றது.

அப்படியே சுற்றி பிராட்பென்ட் வாசலுக்கு வந்தேன். கதவு திறந்திருந்தது. உள்ளே தரை முழுக்க மண். இந்தத் தரைமேல் ஒரு காலத்தில் பச்சைக் கார்ப்பெட்டைச் சுருள் சுருளாக உருட்டிக் கொண்டுவந்து விரித்து, ஓரம் ஒட்டி, மடிப்பை நீவி, சுவர் நட்டு, ஒரு ராத்திரி கால்பந்து ஆடிவிட்டு, திரும்பச் சுருட்டிக் கொடுத்திருப்பார்கள். மறுவாரம் குதிரைக்காரனுக்கு வேண்டுமே. விரிக்க ஆள் கூலி, சுருட்ட ஆள் கூலி. வாடகை தனி. சீசனுக்கு இருபது சொச்சம் உள்ளூர் ஆட்டம். இதைத் தவிர வெளியூர்ப் பயணம். கேன்டன் போக ஐநூறு கிலோமீட்டருக்கு மேல். 1986-87 சீசனில் டாம்பா பே ரவுடீஸ் இந்த லீக்கில் வந்து சேர்ந்தது. 1975-இல் நாட்டுக்கே சாம்பியனாக இருந்த பெரிய பெயர், கேன்டனுக்கும் மில்வாக்கிக்கும் நடுவில் ஒண்டிக்கொள்ள வந்துவிட்டது. கௌரவம்தான். ஆனால் டாம்பா இருப்பது ஃபுளோரிடாவில், ஆயிரம் கிலோமீட்டருக்கு மேல் தள்ளி. கௌரவத்துக்கும் பெட்ரோல் போட வேண்டும்.

இன்னொன்றும் உண்டு. பிராட்பென்ட் அரங்கத்துக்கு அடுத்த கட்டடம் ஃப்ரீடம் ஹால். லூயிவில் பல்கலைக்கழகத்துக் கூடைப்பந்து அணி அப்போது ஆடிய இடம். பிராட்பென்ட்டைப் போல மூன்று மடங்கு பெரியது. கென்டக்கியில் கூடைப்பந்து என்பது விளையாட்டுக் கணக்கில் வராது, குலதெய்வக் கணக்கு. 1980-இல் அந்த அணி தேசிய சாம்பியன். 1986 மார்ச் கடைசி நாளில், டெல்லாஸில் டியூக் பல்கலைக்கழகத்தை 72-69 என்று தோற்கடித்துத் திரும்பவும் சாம்பியன். தண்டர் அணியின் இரண்டாவது சீசன் நடந்த அதே குளிர்காலத்தில். பெரிய கோயிலில் தேர் ஓடும்போது பக்கத்துத் தெருப் பிள்ளையாருக்கு யார் சுண்டல் வாங்க வருவார்கள்? உள்ளரங்கக் கால்பந்தின் சீசனும் நவம்பரிலிருந்து வசந்தம் வரை, கல்லூரிக் கூடைப்பந்தின் சீசனும் அதே மாதங்கள். தண்டரை அழித்தது இதுதான் என்று என்னிடம் ஆவணம் எதுவும் இல்லை. அந்த வாசலில் நின்று இரண்டு கட்டடத்தையும் மாறி மாறிப் பார்த்தபோது எனக்குத் தோன்றியது இதுதான்.

ஊர் கஞ்சத்தனமான ஊர் என்று நினைத்துவிட வேண்டாம். அதே வளாகத்துக்குள் இருந்த பேஸ்பால் மைதானத்தில், லூயிவில் ரெட்பேர்ட்ஸ் என்ற இரண்டாம் கட்ட அணியைப் பார்க்க 1983-இல் ஒரே சீசனில் பத்து லட்சத்துக்கும் மேல் ஆள் வந்தார்கள். அமெரிக்காவில் எந்த மைனர் லீக் அணிக்கும் அதற்கு முன்னால் அப்படிக் கூட்டம் சேர்ந்தது கிடையாது. சின்ன லீக் என்று யாரும் அங்கே ஒதுக்கவில்லை. கோடையில் வந்தார்கள், குளிரில் கூடைப்பந்துக்குப் போனார்கள்.

சாம்பியன் அணியைப் பறிகொடுப்பதும் அந்த ஊருக்குப் புதிதில்லை. ஃப்ரீடம் ஹாலில் ஒரு காலத்தில் கென்டக்கி கர்னல்ஸ் என்ற தொழில்முறைக் கூடைப்பந்து அணி ஆடியது. சிவப்பு வெள்ளை நீலப் பந்தை வைத்து ஆடிய லீக் ஒன்று இருந்ததே, அமெரிக்கன் பாஸ்கெட்பால் அசோசியேஷன், அதில். 1975-இல் சாம்பியன். மறுவருடமே அந்த லீக் பெரிய கூடைப்பந்து லீக்கான என்.பி.ஏ.வோடு கலந்தபோது நான்கு அணிகளைத்தான் சேர்த்துக்கொண்டார்கள். கர்னல்ஸ் முதலாளி ஜான் ஒய். பிரவுன், கென்டக்கி ஃபிரைடு சிக்கனை உலகப் பேராக்கியவர், 30 லட்சம் டாலரை வாங்கிக்கொண்டு அணியை மூடிவிட்டார். பிறகு மாநில ஆளுநராகவே ஜெயித்தார் என்பது வேறு விஷயம், வாக்காளர்களின் பெருந்தன்மை. இதில் ஒரு சின்னச் சுவாரசியம்: உள்ளரங்கக் கால்பந்து லீக்கைத் தொடங்கிய எர்ல் ஃபோர்மனும் அந்தப் பழைய கூடைப்பந்து லீக்கில் அணி வைத்திருந்தவர்தான். வண்ணப் பந்து மோகம் அங்கிருந்து தொற்றிக்கொண்டதாகத்தான் இருக்கும்.

தண்டர் அணியின் ஆட்டக் கணக்கு நீளமானதில்லை. முதல் வருடம், 1985-இல், கோப்பை கேன்டனுக்கு. இரண்டாம் வருடமும் கேன்டனுக்கே. மூன்றாம் வருடம், 1987-இல், கோப்பை லூயிவில்லுக்கு. பிறகு 1988, 1989, 1990 மூன்று வருடமும் மறுபடி கேன்டன். முதல் ஆறு கோப்பையில் ஐந்து ஒரே ஊருக்குப் போனது. குறுக்கே புகுந்து ஒன்றை அடித்துக்கொண்டு வந்தது இந்த இடி மட்டும்தான். அந்தச் சீசன் முடிந்து, அடுத்த சீசன் தொடங்கியபோது லீக் பட்டியலில் லூயிவில் இல்லை. நடப்புச் சாம்பியன் இல்லாமலே லீக் நடந்தது.

மூடும் நாளில் அந்த அலுவலகம் எப்படி இருந்திருக்கும் என்று நினைத்துப் பார்ப்பதுண்டு. கோப்பையை யாராவது வீட்டுக்கு எடுத்துப்போயிருப்பார்கள். கார்ப்பெட்டை விற்றிருப்பார்கள்.

அணி போனாலும் லீக் போகவில்லை. 1990-இல் நேஷனல் புரொஃபஷனல் சாக்கர் லீக் என்று பேரை மாற்றிக்கொண்டு 2001 வரை ஓடியது. அந்தக் காலத்தில் கூடைப்பந்தைப் பார்த்து இன்னும் ஒரு கூத்து செய்தார்கள். சாதாரண கோலுக்கு 2 புள்ளி, தூரத்துக் கோட்டுக்கு வெளியிலிருந்து அடித்தால் 3 புள்ளி. கால்பந்து ஆட்டம் 20-க்கு 15 என்றெல்லாம் முடிந்தது. எனக்கு இதில் மனத்தாங்கல் உண்டு. கோல் என்றால் ஒன்று. அதில் பேரம் பேசக் கூடாது. ஆனால் டிக்கெட் விற்கத் தவிக்கிறவனிடம் இதைச் சொல்ல எனக்கு வாய் வராது.

இப்போது டோஸரிடம் திரும்பலாம். தண்டர் மூடியதும் பெரிய லீக்கில் லாஸ் ஏஞ்சலஸ் லேஸர்ஸ் அணிக்குப் பயிற்சியாளராகப் போனார். கூடைப்பந்து லேக்கர்ஸ் முதலாளி ஜெர்ரி பஸ்ஸின் அணி. 1989-இல் அதையும் மூடினார்கள். அப்புறம் அட்லாண்டா அட்டாக். அந்த அணி 1991-இல் மூட்டை கட்டிக்கொண்டு கன்சாஸ் சிட்டிக்குப் போய்விட்டது. காலடி வைத்த இடம் விளங்காது என்று நம் வீட்டுப் பெரியவர்கள் சொல்வார்களே, அந்தப் பேர் வாங்கியிருக்க வேண்டிய மனிதர். 1992-இல் அவரை அழைத்தது யார் தெரியுமா? மில்வாக்கி வேவ். 1984-இல் தண்டரோடு ஒரே நாளில் பிறந்த அந்த ஆறில் ஒன்று.

மில்வாக்கிக்கு அதுவரை ஒரு கோப்பைகூடக் கிடைத்ததில்லை. டோஸர் போன பிறகும் உடனே கிடைக்கவில்லை. முதல் கோப்பை 1998-இல், அணி தொடங்கி 14 வருடம் கழித்து. அதன்பின் 2000, 2001, 2005, 2011, 2012. இந்த ஆறும் டோஸர் காலத்தில். 2014 வரை 22 வருடம் அங்கேயே இருந்தார். உள்ளரங்கக் கால்பந்தில் அவரைவிட அதிக ஆட்டம் ஜெயித்த பயிற்சியாளர் கிடையாது. 2021-இல் இப்போதைய லீக்குக்கே ஆணையரானார். மில்வாக்கி வேவ் நாற்பது வருடம் தாண்டி இன்னும் ஆடிக்கொண்டிருக்கிறது. அமெரிக்காவில் மூடாமல் இயங்கிவரும் தொழில்முறைக் கால்பந்து அணிகளில் அதுதான் மூத்தது. லீக்குகள் மூன்று நான்கு அதன் காலடியில் செத்து விழுந்தன, அது மட்டும் அடுத்த லீக்குக்கு நடந்து போய்விடும். மூன்றே வருடத்தில் ஜெயித்தவன் செத்தான், 14 வருடம் ஜெயிக்காதவன் பிழைத்தான், இரண்டு இடத்திலும் பயிற்சி கொடுத்தது ஒரே ஆள். மில்வாக்கியின் ரகசியம் என்ன என்று நானும் துருவிப் பார்த்தேன். ரகசியம் எல்லாம் இல்லை. ஒரு முதலாளி களைத்துப்போகும்போது இன்னொருவர் கிடைத்துக்கொண்டே இருந்தார். லூயிவில்லுக்கு 1987-இல் அந்த இன்னொருவர் கிடைக்கவில்லை.

நான் அங்கே இருந்தபோது ஊரில் மறுபடி ஒரு உள்ளரங்க அணி இருந்தது. பேர் லூயிவில் லைட்னிங். 2009-இல் தொடங்கினார்கள். உலகத்தில் எல்லா ஊரிலும் மின்னல் முதலில், இடி பிறகு. இந்த ஊரில் மட்டும் இடி இடித்து 22 வருடம் கழித்து மின்னல் வந்தது. மாக்கிங்பேர்ட் வேலியில், அரங்கம் என்று சொல்ல முடியாத ஒரு பயிற்சிக் கூடத்தில் ஆடினார்கள். கண்ணாடியில் மூக்கை ஒட்டிக்கொண்டு பார்க்கலாம். பந்து முகத்துக்கு நேரே கண்ணாடியில் மோதும்போது, கண்ணாடி இருக்கிறது என்று தெரிந்தும் எல்லோரும் ஒரு அடி பின்வாங்குவோம், அப்புறம் ஒருவரை ஒருவர் பார்த்துச் சிரிப்போம். அதுவும் 2012-இல் போனது. இன்றைக்கு அந்த ஊரில் லூயிவில் சிட்டி என்ற வெளியரங்க அணி இருக்கிறது, 2017-இலும் 2018-இலும் தன் லீக்கில் சாம்பியன், சொந்தமாக மைதானமே கட்டிக்கொண்டார்கள். பெண்கள் அணியும் உண்டு. இரண்டுக்கும் நல்ல கூட்டம். நல்லது.

ஊரை விட்டுக் கிளம்புவதற்கு முந்தின வாரம் கடைசியாக ஆடப் போனேன். ஆட்டத்துக்கு முன்னால் கோல்கீப்பர் உட்கார்ந்து கையுறைக்கு டேப் சுற்றிக்கொண்டிருந்தார். பல்லால் டேப்பைக் கடித்துக் கிழிப்பது அவர் வழக்கம். சின்ன வயதில் தண்டர் ஆட்டத்துக்கு அப்பாவோடு இரண்டு தடவை போயிருப்பதாகச் சொல்லியிருந்தார். பந்து பலகையில் மோதும் சத்தம்தான் ஞாபகம், கோல் எதுவும் ஞாபகம் இல்லை என்பார்.

"கோப்பை ஜெயிச்ச வருஷம் பார்த்தீங்களா?" என்று கேட்டேன்.

"இல்ல. அந்த வருஷம் ஒண்ணுகூடப் பாக்கல. அப்பாவுக்கு ராத்திரி ஷிஃப்ட்." டேப்பைக் கடித்துக் கிழித்தார். "அடுத்த வருஷம் போலாம்னு சொன்னாரு."

விசில் ஊதிவிட்டார்கள். அவர் எழுந்து கோலுக்குப் போனார், நான் சுவரோரமாக என் இடத்துக்குப் போனேன்.